ஆறு வாரம் முதலிடம், பாடியவர் பெயர் இல்லை

1989 செப்டம்பர். எங்கள் கப்பல் இங்கிலாந்தின் ஹல் துறைமுகத்தில் சரக்கு இறக்கிக்கொண்டிருந்தது. மழை பெய்தால் ஹேட்சை மூடிவிடுவார்கள், வேலை நின்றுபோகும். அந்த வாரம் நல்ல மழை. சாயங்காலமானால் மாலுமிகள் மன்றத்துக்குப் போய், வீட்டுக்கு ஒரு கடிதம் எழுதிவிட்டு, டீ குடித்துக்கொண்டு டி.வி. பார்ப்போம். வியாழக்கிழமை இரவு பி.பி.சி.யில் 'டாப் ஆஃப் தி பாப்ஸ்' என்று ஒரு நிகழ்ச்சி வரும். அந்த வாரம் எந்தப் பாட்டு அதிகம் விற்றதோ அதைக் கடைசியில் போடுவார்கள். நம்ம ஊர் 'ஒலியும் ஒளியும்' மாதிரி மொத்தக் கூட்டமும் அதற்காக உட்கார்ந்திருக்கும்.

அன்றைக்கு முதலிடத்தில் வந்த பாட்டு 'ரைடு ஆன் டைம்'. பாடியது 'பிளாக் பாக்ஸ்' என்ற இத்தாலியக் குழு. திரையில் உயரமான, அழகான ஒரு கறுப்பினப் பெண். அவர் வாயைத் திறந்தபோது வந்த குரல் அந்த ஹாலையே அதிரவைத்தது. கர்நாடக சங்கீதமும் டி.எம்.எஸ்.ஸும் கேட்டு வளர்ந்த எனக்கு அந்த 'டிங் டிங்' இசை ஒட்டவில்லை. ஆனால் குரல் ஒட்டிக்கொண்டது.

பக்கத்தில் எங்கள் செகண்ட் இன்ஜினியர். கோவாக்காரர், சின்ன வயதில் தேவாலயத்தில் பாடியவர். இரண்டு நிமிடம் பார்த்துவிட்டு, "இந்தப் பெண் பாடவில்லை" என்றார். "அந்தக் குரல் மூச்சை இழுக்கிற இடத்தில் இவருடைய தொண்டை அசையவே இல்லை, பாருங்கள்" என்றார். நான் ஒத்துக்கொள்ளவில்லை. காதால் பிழைக்கிறவன் நான், எனக்கா தெரியாது என்ற எண்ணம். ஐந்து பவுண்டு பந்தயம் கட்டினோம்.

பந்தயத்தில் யார் ஜெயித்தார் என்பதைச் சொல்வதற்கு முன் அந்தப் பாட்டின் வரலாற்றைச் சொல்லிவிடுகிறேன். நடன இசைக்கும் நமக்கும் என்ன சம்பந்தம் என்று சிலர் நினைக்கலாம். கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள், கடைசியில் என் சொந்தக் கணக்கு ஒன்றும் இருக்கிறது.

கதை தொடங்குவது அமெரிக்காவின் சிகாகோ நகரில். லொலெட்டா ஹாலோவே என்ற பாடகி 1946-இல் அங்கே பிறந்தவர். தாயார் நடத்திய தேவாலயப் பாட்டுக் குழுவில் பாடி வளர்ந்தார். பிறகு 'கேரவன்ஸ்' என்ற பெயர்பெற்ற கிறிஸ்தவ இசைக் குழுவில் பாடினார். மைக் இல்லாமலே பெரிய கூடத்தின் கடைசி பெஞ்சு வரை கேட்கிற குரல். எழுபதுகளில் டிஸ்கோ இசை வந்தபோது, நியூயார்க்கின் 'சால்சோல்' என்ற இசைத்தட்டுக் கம்பெனிக்குப் பாடப் போனார்.

1980-இல் டான் ஹார்ட்மன் என்பவர் எழுதி, தயாரித்து, ஹாலோவேயைப் பாடவைத்த பாட்டு 'லவ் சென்சேஷன்'. ஹார்ட்மன் லேசில் திருப்தி அடைகிற ஆள் இல்லை. ஒரே பாட்டை ஏறக்குறைய முப்பது தடவை பாடவைத்தார் என்று ஹாலோவே பிற்பாடு சொல்லியிருக்கிறார். தொண்டை கட்டிப்போய், காப்பியில் விக்ஸைப் போட்டுக் குடித்துவிட்டுப் பாடினாராம். நம் வீடுகளில் வெந்நீரில் போட்டு ஆவி பிடிப்போமே, அதே விக்ஸ். அந்தப் பாட்டு அமெரிக்க நடனப் பாடல் பட்டியலில் முதலிடத்துக்கு வந்தது. ஆனால் டிஸ்கோவின் காலம் அப்போது முடிந்துகொண்டிருந்தது. அதற்கு முந்தைய வருடம்தான், 1979 ஜூலை 12 அன்று, ஹாலோவேயின் சொந்த ஊரான சிகாகோவில் ஒரு பேஸ்பால் மைதானத்தில் டிஸ்கோ இசைத்தட்டுகளைக் குவித்து வெடிவைத்துத் தகர்த்தார்கள். பொதுச் சந்தையில் அந்த இசை ஓய்ந்துபோனது.

ஓய்ந்ததே தவிர, சாகவில்லை. அதே சிகாகோவில் 'வேர்ஹவுஸ்' என்றொரு நடன விடுதி. அங்கே ஃபிராங்கி நக்கிள்ஸ் என்ற டி.ஜே. பழைய டிஸ்கோ தட்டுகளை எடுத்து, வெட்டி, நீட்டி, இயந்திரத் தாளம் சேர்த்துப் போடுவார். 'வேர்ஹவுஸில் போடுகிறார்களே, அந்த மாதிரித் தட்டு இருக்கிறதா?' என்று இளைஞர்கள் கடைகளில் கேட்கக் கேட்க, பெயர் சுருங்கி 'ஹவுஸ்' ஆயிற்று என்பார்கள். ஹவுஸ் இசை என்ற பெயர் வந்த கதை இது.

எண்பதுகளின் நடுவில் 'சாம்ப்ளர்' என்ற கருவி சாமானியர் வாங்கும் விலைக்கு வந்தது. ஜப்பானிய அகாய் கம்பெனியின் கருவிகள் அதில் பெயர் போனவை. வேலை எளிதுதான். எந்த ஒலியையும் சில விநாடி பதிவு செய்து, எண்களாக மாற்றி நினைவில் வைத்துக்கொள்ளும். பிறகு கீபோர்டின் ஒரு கட்டையை அழுத்தினால் அந்த ஒலி வரும். பத்து தடவை அழுத்தினால் பத்து தடவை. மேல் கட்டையில் அழுத்தினால் சுருதி ஏறும். நாய்க் குரைப்பையும் வைக்கலாம், வயலினையும் வைக்கலாம், ஒரு மனுஷியின் குரலையும் வைக்கலாம். கருவிக்கு எல்லாம் ஒன்றுதான்.

இந்த அலை இத்தாலிக்குப் போனது. ரிமினி, ரிச்சியோனே என்று ஏட்ரியாட்டிக் கடற்கரை நெடுக நடன விடுதிகள் உண்டு. அந்தக் கரைக்கு மேற்கே உள்நாட்டில் ரெஜ்ஜோ எமிலியா என்ற நடுத்தர ஊர். அங்கே மூன்று பேர் சேர்ந்தார்கள். டேனியலே டவோலி டி.ஜே. மிர்கோ லிமோனி கீபோர்டு வாசிப்பவர். வலேரியோ செம்ப்ளிச்சி முறையாகக் கிளாரினெட் படித்தவர். இந்த மூவர்தான் பிளாக் பாக்ஸ்.

இந்த இடத்தில் என் தொழில் சம்பந்தப்பட்ட ஒரு விஷயம். ரெஜ்ஜோ எமிலியாவிலிருந்து எழுபது கிலோமீட்டருக்குள் போலோனியா நகரம். மார்க்கோனி பிறந்த ஊர் அது. எங்கள் இந்தியக் கப்பல்களில் ரேடியோ ஆபீசரை 'மார்க்கோனி சாப்' என்றுதான் கூப்பிடுவார்கள். கம்பியில்லாமல் குரலைக் கடல் தாண்டி அனுப்ப வழிகாட்டியவர் பிறந்த வட்டாரத்திலிருந்தே, இன்னொருவர் குரலைக் கேட்காமல் எடுத்த பாட்டும் வந்திருக்கிறது.

டவோலியிடம் 'லவ் சென்சேஷன்' பாட்டின், வாத்தியம் இல்லாமல் குரல் மட்டும் உள்ள பதிவு இருந்தது. டி.ஜே.க்களுக்காக அப்படித் தட்டுகள் வெளியாவது உண்டு. அதிலிருந்து துண்டு துண்டாகக் குரலை வெட்டிச் சாம்ப்ளரில் ஏற்றி, கீழே பியானோவும் தாளமும் சேர்த்தார்கள். அந்தத் துள்ளும் பியானோதான் பிறகு இத்தாலிய ஹவுஸ் இசையின் அடையாளமாயிற்று.

பெயர் வந்ததும் ஒரு வேடிக்கை. ஹாலோவே பாடியது 'ரைட்', அதாவது 'சரியான நேரத்துக்கு' என்கிற பொருளில். ஆங்கிலம் அவ்வளவாகத் தெரியாத இத்தாலியர் காதில் அது 'ரைடு' என்று விழுந்தது. 'ரைடு ஆன் டைம்' என்றால் நேரத்தின் மேல் ஏறிச் சவாரி செய் என்பது போல ஒரு பொருளும் இல்லாத வாக்கியம். அதையே தலைப்பாக வைத்துவிட்டார்கள். கோடிக்கணக்கான பேர் அதையும் ஒப்புக்கொண்டு ஆடினார்கள். காதில் தவறாக விழுவது எவ்வளவு சுலபம் என்று எங்கள் தொழிலில் இருந்தவர்களுக்குத் தெரியும்.

1989 செப்டம்பரில் பாட்டு பிரிட்டனில் முதலிடத்துக்கு வந்தது. தொடர்ந்து ஆறு வாரம் அங்கேயே இருந்தது. அந்த ஆண்டு பிரிட்டனில் மிக அதிகமாக விற்ற சிங்கிள் தட்டு அதுதான். டி.வி.யில் நாங்கள் பார்த்த பெண் கேத்ரின் கினோல், பிரான்ஸைச் சேர்ந்த மாடல். பாட்டுக்கு ஏற்றபடி வாயசைப்பதற்காக அமர்த்தப்பட்டவர். அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. கூப்பிட்டார்கள், வந்தார், சொன்னதைச் செய்தார்.

இதைப் படிக்கும்போது நீங்கள் ஒரு கேள்வி கேட்பீர்கள். 'நம் சினிமாவில் ஐம்பது அறுபது வருஷமாக இதுதானே நடக்கிறது? எம்.ஜி.ஆருக்கும் சிவாஜிக்கும் டி.எம்.எஸ். பாடவில்லையா?' பாடினார். ஆனால் டி.எம்.எஸ். பாடினார் என்பது டீக்கடையில் உட்கார்ந்திருப்பவருக்கும் தெரியும். படத்தின் எழுத்துப் பகுதியில் 'பின்னணி பாடியவர்கள்' என்று வரும். இசைத்தட்டில் இருக்கும், ரேடியோவில் சொல்வார்கள். அதுவும் தானாக வந்த வழக்கம் இல்லை. 1949-இல் 'மஹல்' இந்திப் படத்தில் லதா மங்கேஷ்கர் பாடி ஊரெல்லாம் ஒலித்த பாட்டின் தட்டில், பாடியவர் பெயர் என்று அந்தப் படத்தின் கதாபாத்திரம் 'காமினி'யின் பெயரைத்தான் போட்டிருந்தார்கள். யாரிந்தக் குரல் என்று ரேடியோ நிலையத்துக்கு ஜனங்கள் கேட்டு எழுதினார்கள். கேட்டதால்தான் பெயர் வெளியே வந்தது. வாயசைப்பதில் தவறில்லை. பாடியது யார் என்பதை மறைப்பதுதான் தவறு.

சிகாகோவிலிருந்த ஹாலோவேக்குத் தன் குரல் கடல் கடந்து முதலிடத்தில் இருப்பது தெரியவந்தது. கோபப்பட்டார். கோபப்படாமல் என்ன செய்வார்? முப்பது தடவை பாடித் தொண்டை போனது அவருக்கு. வேறொரு பெண் திரையில் நிற்கிறார். வழக்கறிஞர்கள் வந்தார்கள். வெளியே சொல்லப்படாத ஒரு தொகைக்குச் சமரசம் ஆயிற்று. அதற்கிடையே, ஹாலோவேயின் குரலை நீக்கிவிட்டு வேறொரு பாடகியை வைத்து அதே பாட்டைத் திரும்பப் பதிவு செய்தார்கள். அந்தப் பாடகி ஹெதர் ஸ்மால், பின்னாளில் 'எம் பீப்பிள்' குழுவில் பெரும் புகழ் பெற்றவர். அப்போது அவர் பெயரும் தட்டில் இல்லை!

ஏன் இப்படி நடந்தது என்றால், சட்டத்தில் ஒரு பாட்டுக்கு இரண்டு உரிமைகள். பாட்டை எழுதி இசையமைத்தவருக்கு ஒன்று. பதிவு செய்த கம்பெனிக்கு ஒன்று. இரண்டும் இல்லாமல் நடுவில் நிற்பவர் பெரும்பாலும் பாடியவர்தான். கூலியை வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போட்டுவிட்டால் அதோடு சரி. சாம்ப்ளர் வந்தபோது அந்தப் பழைய ஒப்பந்தங்களை எழுதியவர்கள் யாரும் இப்படி ஒரு கருவி வரும் என்று நினைத்தே இருக்க மாட்டார்கள்.

பிளாக் பாக்ஸ் குழு அதோடு நிற்கவில்லை. 1990-இல் வந்த 'ட்ரீம்லேண்ட்' ஆல்பத்தில் பல பாட்டுகளைப் பாடியவர் மார்த்தா வாஷ் என்ற அமெரிக்கப் பாடகி. இந்த முறை அவரை நேரிலேயே வைத்துப் பதிவு செய்தார்கள். ஆனால் வெளியே தெரிந்த முகம் பழையபடி கேத்ரின்தான். மார்த்தா வாஷ் பருத்த உடம்புக்காரர். முகம் காட்டும் இடத்தில் அவரை வைக்க வியாபாரிகளுக்கு மனமில்லை. அதே சமயத்தில் 'சி அண்ட் சி மியூசிக் ஃபேக்டரி' என்ற அமெரிக்கக் குழுவும் அவர் குரலுக்கு வேறொரு பெண்ணை வாயசைக்க வைத்தது. அந்தப் பாட்டு 1991-இல் அமெரிக்காவில் முதலிடம். மார்த்தா வாஷ் இரண்டு பக்கமும் வழக்குப் போட்டார். ஜெர்மனியில் தயாரான 'மிலி வனிலி' இரட்டையர் ஒரு வரிகூடச் சொந்தமாகப் பாடவில்லை என்பது 1990 நவம்பரில் வெளிப்பட்டு, அவர்களுக்குக் கொடுத்த கிராமி விருதைத் திரும்ப எடுத்துக்கொண்டதும் ஏறக்குறைய அந்தச் சமயத்தில்தான். காற்று திரும்பிவிட்டது. மார்த்தா வாஷுக்கு இழப்பீடும், தன் பெயரில் பாட ஒப்பந்தமும் கிடைத்தன. பாடியவர் பெயரைத் தட்டிலும் வீடியோவிலும் போடவேண்டும் என்ற வழக்கம் அமெரிக்க இசைத் தொழிலில் வலுப்பெறுவதற்கு அவருடைய வழக்குகள் பெரிய காரணம்.

1991 டிசம்பரில் நியூயார்க்கில் ஒரு நீதிபதி, பழைய பாட்டிலிருந்து அனுமதியில்லாமல் துண்டு எடுத்த வேறொரு வழக்கில், திருடாதே என்ற பைபிள் கட்டளையோடு தீர்ப்பைத் தொடங்கினார். அதற்குப் பிறகு கேட்காமல் எடுக்கப் பெரிய கம்பெனிகள் பயந்தன.

ஹாலோவேக்கும் ஒரு நல்ல காலம் வந்தது. அதே 1991-இல் மார்க்கி மார்க் என்ற இளைஞர் 'லவ் சென்சேஷன்' குரலை எடுத்து 'குட் வைப்ரேஷன்ஸ்' என்றொரு பாட்டுப் போட்டார். இவர்தான் பிறகு சினிமா நடிகர் மார்க் வால்பெர்க். இந்தத் தடவை தட்டின் மேலேயே லொலெட்டா ஹாலோவேயின் பெயர் இருந்தது. வீடியோவிலும் அவரே வந்து நின்று பாடினார். பாட்டு அமெரிக்காவில் முதலிடம் பிடித்தது. ஒருமுறை பாடிய பாட்டு, பதினோரு வருடம் கழித்து அவரை அவருடைய முகத்தோடும் பெயரோடும் மேடை ஏற்றியது. 2011 மார்ச்சில், 64 வயதில் அவர் காலமானார்.

இப்போது பந்தயத்துக்கு வருகிறேன். 1991-இல் சிங்கப்பூரில் ஒரு பழைய ஆங்கில வாரப் பத்திரிகையில் இந்த வழக்குகளைப் பற்றிப் படித்தேன். செகண்ட் இன்ஜினியர் சொன்னதுதான் சரி. அதற்குள் அவர் வேறு கம்பெனிக்குப் போய்விட்டார். ஐந்து பவுண்டு இன்னும் என் கணக்கில் பாக்கி.

அதைவிடப் பெரிய பாக்கி ஒன்று உண்டு. பத்திரிகையைப் படித்த அன்று இரவு எனக்கு ஞாபகம் வந்தது அதுதான்.

1984 ஜூலை. அரபிக் கடலில் தென்மேற்குப் பருவக்காற்று. என்னோடு ஜூனியராக ஒரு பையன், இராமநாதபுரம் பக்கத்துக்காரர், அப்போது இருபத்து மூன்று வயது இருக்கும். எங்கள் தொழிலில் மணிக்கு இரண்டு தடவை மூன்று மூன்று நிமிடம் யாரும் பேசக்கூடாது, கேட்கமட்டும் வேண்டும். ஆபத்தில் இருப்பவரின் மெல்லிய குரலும் காதில் விழவேண்டும் என்பதற்காக அந்த மௌன நேரம். ரேடியோ ரூம் கடிகாரத்திலேயே அந்த நிமிடங்களுக்கு நிறம் பூசியிருக்கும். அப்படியொரு மௌன நேரத்தில் 2182 கிலோஹெர்ட்ஸில் ஒரு குரல். இன்ஜின் அறையில் தண்ணீர் புகுந்த ஒரு சின்னக் கப்பல். இரைச்சலில் பாதி விழுங்கிப்போனது. முதலில் கேட்டவர் அந்தப் பையன். என்னை எழுப்பினார். நான் வந்து ஹெட்போனை வாங்கிப் போட்டுக்கொண்டு இடத்தைக் குறித்தேன். அட்சரேகையின் நிமிடம் 'ஃபிஃப்டி' என்று எழுதினேன்.

"சார், ஃபிஃப்டீன்னு கேட்டுச்சு சார்" என்றார்.

"உனக்கு முந்தியே பத்து வருஷமா கேக்கிறேன்டா" என்றேன். அப்படித்தான் பேசினேன், மறைப்பானேன்.

அவர் விடவில்லை. என்னைக் கேட்காமலே மைக்கை எடுத்து, எண்ணை ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்லிக் கேட்டார். ஒன்று, ஐந்து என்று வந்தது. பதினைந்து. அட்சரேகையில் ஒரு நிமிடம் என்பது ஒரு கடல் மைல். நான் எழுதியபடி அனுப்பியிருந்தால் தேடப் போகிறவர்கள் முப்பத்தைந்து மைல் தள்ளிப் போயிருப்பார்கள். அந்தக் கடலில், அந்த இருட்டில். திருத்தி எழுதிச் செய்தியை எல்லோருக்கும் அனுப்பினோம். பக்கத்தில் இருந்த வேறொரு கப்பல் விடிவதற்குள் போய் ஒன்பது பேரை ஏற்றிக்கொண்டது.

லாக் புக்கில் கையெழுத்து என்னுடையது. இரண்டு மாதம் கழித்துக் கம்பெனியிலிருந்து பாராட்டுக் கடிதம் வந்தது. 'ரேடியோ ஆபீசரின் கவனமும் துல்லியமும்' என்று எழுதியிருந்தார்கள். என் பெயர் மட்டும் இருந்தது. அந்தப் பையன் அந்தக் கடிதத்தைப் பார்த்தார், "வாழ்த்துகள் சார்" என்றார். நான் "தேங்க்ஸ்" என்றேன். அவ்வளவுதான். அடுத்த வேலைக்கான நேர்காணலில் அந்தக் கடிதத்தைக் காட்டினேன், வேலையும் கிடைத்தது. வீட்டில் கண்ணாடி போட்டு மாட்டியும் வைத்தேன்.

1999 பிப்ரவரி 1 முதல் கப்பல்களில் சாட்டிலைட் முறை முழுமையாக வந்து, ரேடியோ ஆபீசர் என்ற வேலையே இல்லாமல் போனது. அப்போது எனக்கு வந்த வருத்தம், இத்தனை வருஷம் கேட்டுக்கொண்டிருந்தவனை யாருக்கும் ஞாபகம் இருக்காதே என்பதுதான். என் பக்கத்தில் உட்கார்ந்து என்னைவிட நன்றாகக் கேட்ட ஒருவரை நானே மறந்தேன் என்பது அந்த வருத்தத்தில் எனக்கு உறைக்கவில்லை. உறைத்ததெல்லாம் பத்திரிகையைப் படித்த அந்த ஒரு இரவுதான், அதையும் கரை சேர்ந்ததும் மறந்துவிட்டேன்.

போன மாதம் இந்தப் பாட்டைப் பேத்தி கைபேசியில் போட்டாள். யாரோ புதிதாக எடுத்து வேறு ஏதோ தாளத்தில் கலந்திருக்கிறார்கள். குரல் அதே குரல். யார் பாடியது என்று அவளைக் கேட்டேன். டி.ஜே. பெயரைச் சொன்னாள். அன்று மாலையே அந்த இராமநாதபுரத்துக்காரரின் நம்பரைப் பழைய நண்பர் ஒருவரிடம் வாங்கிப் பேசினேன். அவரும் ஓய்வு பெற்றுவிட்டார், பேரன் பேத்தி எடுத்துவிட்டார். விஷயத்தைச் சொன்னேன். சிரித்தார்.

"அதெல்லாம் இப்ப எதுக்கு சார்? ஒன்பது பேரும் வீட்டுக்குப் போயிட்டாங்கள்ல" என்றார். கொஞ்ச நேரம் பேச்சில்லை. பிறகு, "ஆனா ஃபிஃப்டீன்னுதான் சார் கேட்டுச்சு" என்றார்.

நாற்பது வருஷமாக அவருக்கும் அது மறக்கவில்லை.

உங்கள் பெயரைப் போட்டு எழுதட்டுமா என்று கேட்டேன். வேண்டாம், எழுதியதை முதலில் அனுப்புங்கள், படித்துவிட்டுச் சொல்கிறேன் என்றார். நியாயம்தான். இதைக் கேட்காமல் எடுக்கக்கூடாது. அதனால் இந்தப் பதிவில் அவர் பெயர் இல்லை. சம்மதித்தால் அடுத்த பதிவின் முதல் வரி அவருடைய பெயராக இருக்கும். கண்ணாடி போட்ட கடிதத்தைச் சுவரிலிருந்து இறக்கிவிட்டேன். அதன் பின்பக்கத்தில் நடந்ததை என் கையால் எழுதி, தபாலில் அவருக்கு அனுப்பப் போகிறேன்.